பின்வீடு

கோயம்புத்தூரிலிருந்து அன்னூர் போகிற சாலையில், பஞ்சாலைகள் முடிந்து சோளக்காடுகள் தொடங்குகிற இடத்தில், ஒரு காலத்தில் ஆடு மேய்ந்து பிற்பாடு மனைக்கல் முளைத்த பூமியில், அறுபத்திரண்டு வீடுகள் கொண்ட குபேரன் அவென்யூ என்றொரு நகர் உண்டு. அதில் பதினேழாம் எண் வீட்டை, லாரி எடைமேடையில் சீட்டு போடுகிற தமயந்தியும், பம்பு கம்பெனியில் சூப்பர்வைசராக இருக்கிற அவள் புருஷன் சுகுமாரும் முப்பத்தெட்டு லட்சத்துக்கு வாங்கினார்கள். எட்டு லட்சம் கையில் இருந்தது, அதாவது தமயந்தியின் கழுத்திலும் கையிலும் இருந்தது. மீதி முப்பது லட்சத்தை வங்கி கொடுத்தது. இருபது வருஷம், மாசம் இருபத்தாறாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றிரண்டு ரூபாய். "இருபத்தேழாயிரம்கூட இல்லைங்க" என்று வங்கியில் சொன்னார்கள், அந்த எட்டு ரூபாயைத் தங்கள் சட்டைப்பையிலிருந்து எடுத்துக் கொடுத்தவர்கள் மாதிரி.

அந்த விலைக்குள் அடங்குவதற்காக அவர்கள் சிலதை விட்டுக்கொடுத்திருந்தார்கள். தேக்குக் கதவு வேண்டாம், வேம்பு போதும். சமையலறைக்கு ரெண்டு ஜன்னல் எதற்கு, ஒன்று போதும். மாடி வேண்டாம், மாடியே இல்லாதபோது பால்கனியும் வேண்டாம். சாமிக்கு அலமாரியில் ஒரு தட்டு போதும், சாமி கோபித்துக்கொள்ளாது. இப்படி வேண்டாம் வேண்டாம் என்று சொல்லிச் சொல்லி, கடைசியில் மிஞ்சிய வீட்டில் பால் காய்ச்சிக் குடிபுகுந்தார்கள்.

குடிவந்த மறுமாசம் ஐந்தாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, காலை ஒன்பதரைக்குத் தவணை எடுத்துக்கொண்டதாக சுகுமாரின் போனுக்குச் செய்தி வந்தது. பத்து மணிக்குத் துணி காயப்போடப் பின்பக்கம் போன தமயந்தி, மதிலுக்கு அந்தப்புறம், விளம்பரத் தாளில் பூங்கா என்று பச்சை மையில் அச்சடித்திருந்த, ஆனால் நெருஞ்சி மட்டுமே படர்ந்திருந்த நிலத்தில், ஒரு வீட்டின் அளவுக்கு ஒற்றை வரிசைச் செங்கல் எழும்பியிருப்பதைக் கண்டாள். கொத்தனார் இல்லை, சித்தாள் இல்லை, மணல் குவியல் இல்லை. சிமெண்டு மட்டும் ஈரமாக இருந்தது. நாலு மூலையிலும் தூண் கம்பிகள் ஒன்றரை மாடி உயரத்துக்கு நிமிர்ந்து நின்றன.

"யாரோ கட்டறாங்களாட்ட இருக்குது," என்றான் சுகுமார், பல்குச்சியோடு வந்து எட்டிப் பார்த்து.

"பூங்காவுல எப்படிங்க கட்டுவாங்க?"

"பூங்கான்னு போட்டிருந்தாக் கட்டத்தான் செய்வாங்க."

இந்தப் பக்கம் பதினாறாம் எண்ணுக்குப் பின்னாலும், அந்தப் பக்கம் பதினெட்டுக்குப் பின்னாலும், வரிசை நெடுக அப்படியேதான் எழும்பியிருந்தது. ஐந்தாம் தேதி தவணை கட்டுகிறவர்களுக்கு ஐந்தாம் தேதி வளர்ந்தது, பத்தாம் தேதிக்காரர்களுக்குப் பத்தாம் தேதி வளர்ந்தது, தவணை தவறியவர்களுக்கு அந்த மாசம் ஒரு வரிசை கூடுதலாகவே வளர்ந்தது. மூன்றாம் மாசத்துக்குள், கட்டுகிற பணத்தில் வட்டியாகப் போகிற பங்குதான் அங்கே செங்கலாக நிற்கிறது, இனிக் கட்டவேண்டிய வட்டிதான் கம்பியாக நிற்கிறது என்று எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. தெரிந்த பிறகு யாரும் அதைப் பற்றி ஆச்சரியப்படவில்லை. நல்ல தண்ணீர் வாரம் ஒரு முறை வருகிற ஊரில், வீடு மாசம் ஒரு முறை வளர்வதற்கு யார் ஆச்சரியப்படுவது.

நகர்ச் சங்கத் தலைவர் நல்லமுத்து, ஆயுள் காப்பீட்டு ஏஜெண்ட், கூட்டம் போட்டு அதற்குப் பின்வீடு என்று பேர் வைத்தார். பின்வீட்டுச் சுவரில் சுவரொட்டி ஒட்டக் கூடாது, வறட்டி தட்டக் கூடாது என்று தீர்மானம் நிறைவேறியது. அன்னூர் ஜோசியர் வந்து பார்த்து, வீட்டுக்கு முதுகில் வீடு இருப்பது யானை மேல் அம்பாரி மாதிரி என்று சொல்லி வீட்டுக்கு ஐந்நூறு வாங்கிப்போனார். ஊராட்சியிலிருந்து வந்தவர் டேப் பிடித்து அளந்து, உங்கள் காசில் வளர்வதால் உங்கள் பேரில்தான் என்று பின்வீட்டுக்கும் வரி போட்டார். உள்ளே போக முடியாதே, வாசலே இல்லையே என்று கேட்டதற்கு, வாசலுக்கு வரி கிடையாது என்று ரசீது கிழித்தார். வங்கி நகர் முகப்பில் ஒரு பேனர் கட்டியது: உங்கள் கனவு வளர்கிறது.

இப்படியாகப் பின்வீடு மரியாதைக்குரிய விஷயமாயிற்று. ஐம்பது லட்சம் கடன் வாங்கியவர் வீட்டுப் பின்வீடு மளமளவென்று வளர்ந்தது. அவர் சங்கக் கூட்டத்தில் முன் நாற்காலியில் உட்கார்ந்தார். பெண் பார்க்க வருகிறவர்கள் காபி குடிப்பதற்கு முன்னால் பின்பக்கம் போய்க் கம்பியை அண்ணாந்து பார்த்துவிட்டு வந்தார்கள்.

அறுபத்திரண்டு பேரில் பின்வீடு இல்லாதவர் ஒருவர்தான். நாற்பதாம் எண் காளியப்பன், ஆட்டு வியாபாரி. உரச்சாக்கில் ரொக்கம் கொண்டுவந்து கொட்டி வீடு வாங்கியவர். அவர் வீட்டுக்குப் பின்னால் ஒரு முருங்கை மரமும் நிறைய வெயிலும் மட்டும் இருந்தன. மற்ற எல்லா வீட்டுக் கொல்லையையும் பின்வீட்டு நிழல் விழுங்கிவிட்டதால், மிளகாயும் வடகமும் துவைத்த துணியும் தூக்கிக்கொண்டு எல்லாப் பெண்களும் அவர் கொல்லைக்குத்தான் போனார்கள். போய்க் காயப்போட்டபடியே, பாவம், இவருக்குக் கடன் கொடுக்க ஆளில்லை என்று இரக்கப்பட்டார்கள். அவர் மகளைப் பார்க்க வந்த சூலூர்க்காரர்கள் முருங்கை மரத்தைப் பார்த்து முகம் சுண்டி, சொல்லி அனுப்புகிறோம் என்று எழுந்து போனார்கள். அதைக் கேள்விப்பட்ட வங்கி, மனிதாபிமான அடிப்படையில் அவருக்கு ஒரு கடன் தருவதாக ஆளனுப்பியது.

தமயந்திக்கு மட்டும் அந்தப் பின்வீடு நெஞ்சில் முள்ளாக இருந்தது. ரெண்டாம் வருஷம் சுவர் ஜன்னல் மட்டத்தைத் தாண்டியபோது அவள் கவனித்தாள்: அதன் சமையலறைக்கு ரெண்டு ஜன்னல். நிலை எல்லாம் தேக்கு. மூலையில் சாமிக்கென்று தனி அறை, அதன் ஜன்னல் கம்பியில் பித்தளை மணி வைக்கக் கொக்கி. இங்கே வேண்டாம் என்று சொன்னது ஒவ்வொன்றும் அங்கே கேட்காமலேயே வந்து உட்கார்ந்துகொண்டிருந்தது. அவள் தன் ஒற்றை ஜன்னலில் நின்று பகலிலும் விளக்குப் போட்டுக் குழம்பு தாளித்தாள்.

மூன்றாம் வருஷம் முடிகிற சமயத்தில் எல்லார் போனுக்கும் ஒரே நாளில் செய்தி வந்தது. வட்டி விகிதம் ஒன்பதிலிருந்து பத்தரை ஆகிறது, ஆனால் வாடிக்கையாளர் நலன் கருதித் தங்கள் மாதத் தவணையில் எந்த மாற்றமும் இல்லை. நகரே நிம்மதிப் பெருமூச்சு விட்டது. நல்லமுத்து பிள்ளையார் கோயிலில் சர்க்கரைப் பொங்கல் வைத்து விநியோகித்தார். தொன்னையில் பொங்கல் வாங்கிக்கொண்டு வீடு திரும்பிய தமயந்தி பின்பக்கம் போய் நிமிர்ந்து பார்த்தாள். ஒன்றரை மாடிக்கு நின்ற தூண் கம்பிகள் மூன்று மாடி உயரத்துக்குப் போயிருந்தன. நுனியில் காக்காய் உட்கார்ந்திருந்தது. அது காக்காய்தானா என்று தெரியாத உயரம்.

மறுநாள் அரை நாள் லீவு போட்டு வங்கிக்குப் போனாள். மேனேஜர் நல்ல மனுஷி, உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தார்.

"உங்க டியூ ஏறவே இல்லைங்களே மேடம்."

"வேற எது ஏறுச்சுங்க?"

"எதுவும் ஏறலை. காலம் மட்டும் கொஞ்சம் அட்ஜஸ்ட் ஆகியிருக்கு."

"எவ்வளவுங்க?"

மேனேஜர் கம்ப்யூட்டரைப் பார்த்தார். "பாக்கி இருபத்திமூணு வருஷம் நாலு மாசம்."

"பதினேழு வருஷந்தானுங்களே பாக்கி இருந்துச்சு."

"ஆமாங்க. அதைத்தான் அட்ஜஸ்ட்னு சொல்றோம்."

தமயந்தி ஒவ்வொரு மாசமும் அசலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவு என்று போட்ட அட்டவணை கிடைக்குமா என்று கேட்டாள். மேனேஜர் அவளை நிமிர்ந்து பார்த்தார்.

"தாராளமாக் கிடைக்கும். இத்தனை வருஷத்துல யாரும் கேட்டதில்லை, அதனாலதான் யோசிக்கறேன், எந்தப் பட்டனை அமுக்கணும்னு."

ஒன்பது பக்கம் வந்தது. மத்தியானம் லாரி வரத்து குறைந்த நேரத்தில் எடைமேடை அறையில் அதை விரித்து வைத்துக்கொண்டாள். அவளுக்குக் கல்லூரிப் படிப்பு இல்லை. ஆனால் பதினோரு வருஷமாக அவள் பார்த்த வேலை, சரக்கோடு ஏறின லாரியின் எடையிலிருந்து இறக்கிவிட்டு வந்த வெறும் வண்டியின் எடையைக் கழிக்கிற வேலை. அதே கையால் இதையும் கழித்தாள். முப்பத்தாறு மாசம் கட்டியது ஒன்பது லட்சத்து எழுபத்தோராயிரத்துச் சொச்சம். கடன் குறைந்தது ஒரு லட்சத்து எண்பத்தையாயிரம்கூட முழுசாக இல்லை. முப்பத்தாறு லோடு போயிருக்கிறது, ஏழு லோடுகூட இறங்கவில்லை. மற்றதெல்லாம் வண்டியின் எடை. கடைசிப் பக்கத்தின் அடியில் மொத்தம் போட்டுப் பார்த்தாள். முப்பது லட்சம் வாங்கியதற்கு எண்பத்தைந்து லட்சம் கட்டி முடிப்பார்கள். மேடையில் ஒரு லாரி ஏறி நின்று ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது அவளுக்கு வெகுநேரம் கேட்கவில்லை.

வீட்டில் சுகுமார் கார் படம் போட்ட தாளைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஏலச்சீட்டு முதிர்ந்து ரெண்டு லட்சம் வந்திருந்தது. அதை முன்பணமாகக் கட்டினால் மாசம் எட்டாயிரத்தில் ஒரு வண்டி.

"அந்த ரெண்டு லட்சத்தையும் அந்த எட்டாயிரத்தையும் வீட்டு அசல்ல கட்டிப்போடலாமுங்க," என்றாள் தமயந்தி.

"டியூதான் ஏறலையே. அப்பறம் என்ன?"

அவள் ஒன்பது பக்கத்தையும் எதிரில் வைத்தாள். அவன் முதல் பக்கத்தைப் பார்த்து, கடைசிப் பக்கத்தைப் பார்த்து, தள்ளி வைத்தான்.

"கட்டினா என்ன ஆகும்?"

"பின்வீடு வளர்றது குறையும். கம்பி கீழ எறங்கும்."

"எல்லார்து வீட்டுக்கும் மூணு மாடிக்குக் கம்பி நிக்குது. நம்முது மட்டும் குட்டையா நின்னா, நமக்கு வக்கில்லைன்னுதான நெனப்பாங்க?"

"கம்பியா நிக்கறது நம்ம காசுங்க."

"உனக்கு எல்லாத்தையும் எடை போடத்தான் தெரியும்."

"ஆமாங்க. அதுதான் என் தொழில்." அவள் குரலை உயர்த்தவில்லை. "இப்ப உங்களுக்கு நாப்பத்திரண்டு. இருபத்திமூணு வருஷத்தைக் கூட்டிப் பாருங்க. கம்பெனியில அம்பத்தெட்டுல மாலை போட்டு அனுப்பிருவாங்க. அதுக்கப்பறம் ஏழு வருஷம் எதைக் கொண்டு கட்டறது?"

சுகுமார் எழுந்து பின்பக்கம் போய் அந்தக் கம்பிகளை அண்ணாந்து பார்த்தபடி நின்றான். அவள் உலை வைத்து, அரிசி களைந்து போட்டு, சோறு வடித்த பிறகும் அவன் உள்ளே வரவில்லை. சாப்பிடக் கூப்பிடப் போனபோது அவளைத் திரும்பிப் பார்க்காமலே சொன்னான்.

"எங்கப்பா அறுவத்திமூணு வயசுல போயிட்டாரு."

தட்டில் உட்கார்ந்தபோது கார் படத்தை மடித்து, சூடு ஆறாத குழம்புச் சட்டிக்கு அடியில் வைத்தான்.

ரெண்டு லட்சம் கட்டிய அன்றைக்குக் கம்பி ஒரு மாடி உயரம் சடசடவென்று தரைக்குள் இறங்கியது. மாசம் முப்பத்தைந்தாயிரம் என்று எழுதிக் கொடுத்த அன்றைக்கு இன்னும் இறங்கி, ஒன்றரை மாடிக்கும் கீழே போய் நின்றது. அக்கம்பக்கத்தார் துக்கம் விசாரிக்க வந்தார்கள். "என்னங்க ஆச்சு உங்க கம்பிக்கு?" என்று தாழ்ந்த குரலில் கேட்டார்கள். சிலர் பழம் வாங்கி வந்தார்கள். பதினாறாம் எண்காரர் மனைவி தமயந்தியின் கையைப் பிடித்துக்கொண்டு, கம்பெனியில் அண்ணனுக்கு ஏதாவது பிரச்சினையா என்று கேட்டுக் கண் கலங்கினாள்.

இரக்கம் ஒரு மாசம் நீடித்தது. பிறகு சங்கத்திலிருந்து கடிதம் வந்தது. பதினேழாம் எண் பின்வீட்டின் வளர்ச்சிக் குறைவால் நகரின் பின்புறத் தோற்ற ஒழுங்கு கெடுகிறது. மனைவிலை பாதிக்கப்படும் அபாயம் உள்ளது. எனவே கூடுதல் தொகை கட்டுவதை உடனடியாக நிறுத்திக்கொள்ளுமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறது. கூட்டத்துக்குத் தமயந்தி தனியாகத்தான் போனாள். சுகுமாருக்கு அன்றைக்கு ஷிப்டு.

"நான் நிறுத்திக்கறேனுங்க," என்றாள் எழுந்து. "அதுக்கு முன்னாடி ஒண்ணே ஒண்ணு. இங்க இருக்கறவங்கள்ல யாராவது, உங்க கடன் இன்னிக்கு எவ்வளவு பாக்கின்னு சொல்லுங்க பார்க்கலாம்."

ஐம்பது அறுபது பேர் இருந்தார்கள். எல்லோருக்கும் தங்கள் தவணை ரூபாய் பைசாவரை மனப்பாடம். பிள்ளைகளின் பிறந்தநாள் மாதிரி அதைச் சொன்னார்கள். பாக்கி எவ்வளவு என்று யாருக்கும் தெரியவில்லை. எத்தனை வருஷம் என்றும் தெரியவில்லை. இருபது என்று சொன்னவர்கள் சொல்லிவிட்டுப் பக்கத்தில் இருப்பவரைப் பார்த்தார்கள். முன் நாற்காலிக்காரர் கைக்குட்டையால் நெற்றியைத் துடைத்தார்.

கடைசியில் நல்லமுத்து தொண்டையைச் செருமிக்கொண்டு, குடும்பப் பெண்கள் சபையில் கேட்கிற கேள்வி அல்ல இது என்றார். குபேரன் அவென்யூ எல்லைக்குள் யாரும் யாரையும் பாக்கி எவ்வளவு என்று கேட்கக் கூடாது எனத் தீர்மானம் கொண்டுவரப்பட்டு, ஒருமனதாக நிறைவேறியது. அந்தச் சந்தடியில் தமயந்தியை நிறுத்தச் சொல்ல மறந்துவிட்டார்கள்.

அடுத்த வாரத்திலிருந்து எடைமேடைக்கு, லாரி இல்லாத ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். பதினாறாம் எண்காரர் முதலில் வந்து, வெயிலைப் பற்றிப் பேசி, மழையைப் பற்றிப் பேசி, கிளம்பும்போது, வங்கியில் அந்தத் தாளுக்கு என்ன பேர் சொல்லிக் கேட்க வேண்டும் என்றார். பிறகு இருபத்தொன்பது வந்தது, ஐம்பத்தொன்று வந்தது. நல்லமுத்துவும் ஸ்கூட்டரை ரோட்டோரம் தள்ளி நிறுத்திவிட்டு வந்தார்.

"என் மச்சினன் ஒருத்தன் திருப்பூர்ல இருக்கறான். அவனுக்காகக் கேக்கறேன்."

அவள் ஒரு எடைச் சீட்டின் பின்பக்கம் எழுதிக் கொடுத்தாள். சில வீடுகளில் கம்பி இறங்கியது. பல வீடுகளில் இறங்கவில்லை; காரும் கல்யாணமும் காலேஜும் இருக்கிற வீடுகளில் தெரிந்துகொள்வதால் மட்டும் கம்பி இறங்கிவிடுவதில்லை. தலைவருடைய பின்வீடு மூன்றாம் மாடிக்குப் போய்க்கொண்டேதான் இருந்தது. காளியப்பன் மகளுக்கு ஈரோட்டில், பின்வீடு என்றால் என்னவென்றே தெரியாத ஒரு குடும்பத்தில், கல்யாணம் நடந்தது.

பத்து வருஷம் அப்படிப் போயிற்று. சுகுமார் மழைக்கோட்டு மாட்டிக்கொண்டு அதே பைக்கில் கம்பெனிக்குப் போனான். தீபாவளிக்கு ஒரு செட் துணிதான். தமயந்தியின் கழுத்தில் மஞ்சள் கயிறு மஞ்சள் கயிறாகவே இருந்தது. சண்டை வராமல் இல்லை. ஒவ்வொரு வருஷமும் கார் தள்ளுபடி விளம்பரம் வருகிற சீசனில் ஒரு சண்டை வந்து, ஒன்பது பக்கத்தையும் எடுத்துப் பார்த்து அடங்கியது. பின்வீடு ஒரு மாடியோடும் பால்கனியோடும் நின்றுவிட்டது. பதின்மூன்றாம் வருஷம், கடைசித் தவணையைக் கட்டிவிட்டு இருவருமாகப் போய்ப் பத்திரத்தை வாங்கினார்கள். வங்கியில் லட்டு கொடுத்தார்கள். வட்டியாக மட்டும் இருபத்துநாலு லட்சத்துச் சொச்சம் கட்டியிருந்தார்கள். அதைச் சொல்லிக்கொள்ளாமல் லட்டைத் தின்றார்கள்.

மறுநாள் காலையில் பின்வீட்டுக்கு வாசல் வந்திருந்தது. தேக்குக் கதவு, பித்தளைப் பிடி. ஒரு வாரம் கழித்து மாவிலைத் தோரணம் வந்தது. அதற்கு மறுநாள், முப்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண் புருஷனோடு மஞ்சள் குங்குமம் வைத்த பத்திரிகையைக் கொண்டுவந்து நீட்டினாள். வரி ரசீது யார் பேரில் இருந்தாலும் வட்டியில் எழும்பிய வீடு வட்டி வாங்கியவருக்குத்தான் என்று, வங்கி அதை அவர்களுக்கு விற்றிருந்தது.

கிரகப்பிரவேசத்துக்குப் போனார்கள். தமயந்தி இருநூற்றொரு ரூபாய் மொய்க் கவரோடு படியேறி, செருப்பைக் கழற்றி வரிசையில் விட்டுவிட்டு, வலது கால் வைத்து உள்ளே போனாள். அந்தப் பெண் அவளுக்கு வீட்டைச் சுற்றிக் காட்டினாள். சமையலறை வெளிச்சமாக இருந்தது. சாமி அறையில் மணிகள் கட்டியிருந்தன. தமயந்தி எல்லாவற்றையும் தொட்டுப் பார்க்காமல் பார்த்தாள்.

"அறுபது லட்சமுங்கக்கா. கையில பத்துதான். மீதி லோன், முப்பது வருஷம்."

"மொத்தம் எவ்வளவு கட்டுவீங்கன்னு கேட்டுக்கிட்டீங்களா?" என்றான் சுகுமார்.

அந்தப் பெண் சிரித்தாள். "கேட்டேனுங்க. மேனேஜர் கேக்காதீங்கன்னுட்டாரு. கேட்டா அப்பறம் வாங்க மனசே வராதாமா."

பாயசம் கொடுத்தார்கள். டம்ளரோடு தமயந்தி பால்கனிக்கு வந்தாள். அங்கே அந்தப் பெண்ணின் மாமியார் கம்பியைப் பிடித்துக்கொண்டு கீழே பார்த்துக்கொண்டிருந்தார். கீழே தெரிந்த வீட்டைத் தமயந்தி இதுவரை பின்பக்கத்திலிருந்து பார்த்ததே இல்லை. மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டி, ஓரமாக ஒரு விளக்குமாறு, பின்சுவரில் சமையலறையின் ஒற்றை ஜன்னல்.

"அது யாரு வீடுங்க, அந்தச் சின்னது?" என்றார் மாமியார்.

தமயந்தி பாயசத்தைக் குடித்து முடித்து, டம்ளரைக் கட்டைச் சுவரில் வைத்தாள்.

"எங்குளுதுங்க," என்றாள். சொல்லிவிட்டு ஒரு நிமிஷம், வேறு யாராவது வந்து இல்லை என்று சொல்வார்களா என்று காதுகொடுக்கிறவள் மாதிரி நின்றாள். யாரும் வரவில்லை.